அண்ணாந்து பார்த்த ஏழு விநாடிகள்

பாதி வழியில் நின்று ஒச்சப்பன் அண்ணாந்து பார்ப்பான். ஏழு விநாடிகள். அந்த ஏழு விநாடிகளுக்காகப் பல நாடுகளில் மக்கள் கழுத்தில் பட்டை அணிந்து, விளக்கணைத்து, மூச்சடக்கிக் காத்திருந்தார்கள்.

அவன் என் தங்கையின் கணவன். மலைப்பாறையில், கைவிடப்பட்ட சுரங்கத்தின் வாயில், அணையின் நெடுஞ்சுவரில், எங்கே ஒற்றைக் கயிற்றில் தொங்கினாலும் அவன் அப்படித்தான் ஒருமுறை முகத்தை உயர்த்துவான். உடனே அவன் மார்புக்குழியில் ஒரு குளிர் பிறக்கும். மயிர்க்கால்கள் எழும். மூச்சு நின்றுவிடும். பிறகு, தன்னை முழுவதுமாக எவரிடமோ ஒப்படைத்துவிட்டவன் போல அவன் உடம்பு தளரும். அவன் உடம்பில் நிகழ்ந்த அத்தனையும் பட்டை அணிந்தவர் உடம்பிலும் நிகழும். அதற்குத் ‘திருநோக்கு’ என்று பெயரிட்டார்கள். அவன் இறைவனைக் காண்கிறான் என்றார்கள்.

நாள்தோறும் விடியலில் குளித்து, நீறணிந்து, பதிகம் பாடுகிறவன் நான். நாற்பது ஆண்டுகளில் எனக்கு ஒருநாளும் மெய் சிலிர்த்ததில்லை. அந்த ஏழு விநாடிகளிலும் மேலே நின்று அவன் கயிற்றைப் பிடித்திருந்தவனும் நானே.

எனக்கு இருந்தது பொறாமை. வேறு பெயர் சூட்டி அதை அழகுபடுத்த விரும்பவில்லை.

எங்கள் ஊர் காரைக்குழி. ஊருக்கு மேற்கே தும்பிவரை என்று ஒரு செங்குத்துப் பாறை. அதன் இடுக்குகளில் மலைத்தேனீ கட்டும் அடைகளை எடுப்பது எங்கள் குடிகளின் தொழில். பாறையில் இறங்குகிறவனின் கயிற்றை அவன் மனைவியின் உடன்பிறந்தவனே பிடிக்க வேண்டும் என்பது எங்கள் முறை. எவனும் தன் தங்கையின் தாலியைத் தன் கையால் அறுக்கமாட்டான் என்பதே அதன் உட்பொருள். கயிறு பிடித்தவனுக்கு இன்னொரு கடமையும் உண்டு. இறங்கியவன் மீண்டும் மேலேறும்வரை அவன் வாய் ஓயாமல் பாட வேண்டும். புகைக்கும் ஈக்களின் இரைச்சலுக்கும் நடுவே தொங்குகிறவனுக்கு, மேலே உள்ளவன் விழிப்போடும் நல்ல மனத்தோடும் இருக்கிறான் என்பதற்குப் பாட்டு ஒன்றே சான்று. மற்றவர்கள் மலைப்பாட்டுப் பாடுவார்கள். இளமையில் நான்கு ஆண்டுகள் சமவெளியில் ஒரு மடத்தில் தங்கிப் பண்ணோடு பதிகம் கற்று வந்தவன் ஆகையால் நான் பதிகமே பாடினேன். அப்படித்தான் பதினொரு ஆண்டுகள் ஒச்சப்பனைத் தும்பிவரையில் இறக்கி ஏற்றினேன்.

அப்போதுதான் மிருதுளா வந்தாள். ‘விளிம்பு’ என்ற ஆவணப்படத் தொடரை எடுப்பவள். உயிருக்கு ஆபத்தான, பலரும் அறியாத தொழில்களையும் துணிவுகளையும் தேடிப் படம் பிடிப்பது அவள் வேலை. ஒச்சப்பனின் பிடரியிலும் மார்பிலும் உள்ளங்கையிலும் நாணயம் அளவில் வெண்ணிற வில்லைகளை அவள் ஒட்டியது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

“என்னா தாயி இது, தாயத்தா?” என்றான் ஒச்சப்பன்.

“மெய்யொற்றி அண்ணா. உங்க உடம்புல நடக்கறதை அப்படியே பதிஞ்சு வச்சுக்கும். நெஞ்சு அடிக்கறது, வயித்தைப் பிசையறது, புல்லரிக்கறது எல்லாம். பாக்கறவங்க கழுத்துல பட்டை போட்டுக்கிட்டா அவங்களுக்கும் அதே மாதிரி நடக்கும்.”

“அப்ப நான் நெனைக்கிறதும் தெரிஞ்சுபோகுமா?”

“நினைப்பு வராது. உடம்பு மட்டும்தான். நீங்க பயந்தீங்கன்னு தெரியும். எதைப் பாத்துப் பயந்தீங்கன்னு தெரியாது.”

“பொழைச்சேன். பாறையில தொங்குறப்ப முக்காவாசி நேரம் நான் கறிக்குழம்பத்தான் நெனைப்பேன்.”

எல்லாரும் சிரித்தார்கள். நான் என் கைகளைக் காட்டி, “கயிறு பிடிக்கிறவனுக்கு ஒட்ட வேண்டாமாம்மா?” என்று கேட்டேன்.

“உங்களுக்கு வேணாம் ஐயா. நீங்க படத்துல வரமாட்டீங்க.”

அவள் மரியாதையோடுதான் சொன்னாள். சொன்னபடியே செய்தாள். அந்த முதல் படத்தை ஊர் சமுதாயக் கூடத்தில் திரையிட்டபோது, பாறையின் விளிம்பில் என் தலை இருந்த இடத்தில் நீல வானம் இருந்தது. என் பதிகம் ஒலித்த இடத்தில் உடுக்கையும் முழவும் ஒலித்தன. கேட்டதற்கு, “வானம் சுத்தமா இருந்தாத்தான் அவர் தனியா தொங்கற மாதிரி இருக்கும் ஐயா” என்றாள்.

படத்தை விரும்பினார்கள். அவனை அதனினும் விரும்பினார்கள். வேறொரு ஆபத்துக்கு வேறொரு ஆளைத் தேடாமல் மிருதுளா ஒச்சப்பனையே மீண்டும் மீண்டும் அழைத்தாள். கடலில் தனித்து நிற்கும் பாறையில் பறவைக் கூடு எடுக்க அவன் இறங்கினான். ஓடிக்கொண்டிருந்த காற்றாலையை நிறுத்தி அதன் இறக்கையில் இறங்கினான். கலங்கரை விளக்கத்தின் வெளிச்சுவரில் இறங்கினான். கயிறு இல்லாத ஆபத்துக்கு அவன் ஒப்பவில்லை. என் கையில் இல்லாத கயிற்றுக்கும் ஒப்பவில்லை. ஒச்சப்பன் இல்லாமல் ‘விளிம்பு’ இல்லை என்று ஆயிற்று. ஒவ்வொன்றிலும் நான் வானமானேன்.

ஐந்தாம் படம் முடிந்த மாதம் என் தங்கை குருவம்மாள் மூளைக்காய்ச்சலில் மூன்றே நாளில் போனாள். பிள்ளை இல்லை. பதினாறாம் நாள் சடங்கு முடிந்து பந்தல் பிரிக்கும்போது, ஊர்ப் பெரியவர் பூசாரி மொக்கையன் எல்லார் காதிலும் விழும்படி கேட்டார்.

“தங்கச்சி போயிட்டா. இனி இந்தக் கயித்துக்கு யாருப்பா ஜாமீன்? முறைப்படி ஆளை மாத்திப்புடு ஒச்சப்பா.”

ஒச்சப்பன் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னான். “எம் மச்சான் கை பழகுன கை. அது அப்படியே இருக்கட்டும்.”

அந்தச் சொல்லில் நான் உருகியிருக்க வேண்டும். எனக்கோ, அவன் எனக்குப் பிச்சை இட்டது போல இருந்தது.

ஆறாம் படத்துக்கு ஒரு பழைய சுரங்கத்தில் அவனை இறக்கினோம். அன்று நான் பாடவில்லை. துக்கம் என்று காரணம் சொன்னேன், எல்லாரும் தலையசைத்தார்கள். உண்மை வேறு. எப்படியும் என் குரலை அழித்துவிடப் போகிறார்கள். அவன் பெருமை வளர என் பாட்டை எதற்கு எருவாக இட வேண்டும்? துக்கம் ஆறிய பின்னும் நான் பாடவில்லை. வாய்மூடிக் கயிற்றைப் பிடித்தேன். அந்த ஆறாம் படத்தில்தான், சுரங்கத்தின் பாதி ஆழத்தில், அவன் முதன்முதலாக அண்ணாந்து பார்த்தான்.

படம் வெளியான வாரமே உலகம் அதைக் கண்டுகொண்டது. மனைவியை இழந்த துயரம் அவனுள் ஒரு கதவைத் திறந்துவிட்டது என்று எழுதினார்கள். நானும் அதையே நம்பினேன். என் தங்கையை எடுத்துக்கொண்டு இறைவன் அவனுக்குக் காட்சி கொடுக்கிறான். கோயில் வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்று கும்பிட்டுவிட்டு நகர்கிறவனுக்கு. செவ்வாய், வெள்ளி என்று பாராமல் கறி தின்கிறவனுக்கு. பண் பிறழாமல் பாடியவன் வாசலில் நிற்க, அழைப்பே இல்லாதவன் அந்தப்புரம்வரை போய் வருகிறான். அருளுக்கு ஓரவஞ்சனை உண்டு என்று நான் நினைத்தேன். நினைத்த மனத்தோடே மறுநாளும் பதிகம் பாடினேன்.

மெய்யொற்றியின் பட்டையை நான் மட்டும் அணிந்ததே இல்லை. அவனுக்குக் கிடைத்ததை அவன் உடம்பின் வழியாக, எச்சிலைப் போலப் பெறுவதா என்ற வீம்பு.

பதின்மூன்றாம் படம் வந்த ஆண்டில், நான் கற்ற மடத்திலிருந்து அழைப்பு வந்தது. குருபூசை விழாவில் பாடச் சொல்லி. நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகு! என் பெயரை அச்சில் கண்டு கண்ணீர் வந்தது. அழைப்பிதழின் மேற்பகுதியில் பெரிய எழுத்தில் ஒச்சப்பன் பெயர் இருந்ததைப் பிறகுதான் பார்த்தேன்.

இரண்டு பதிகம் பாடியதும் ஒரு தம்பிரான் குனிந்து, “போதும் ஓதுவாரே, சனம் அவரைப் பார்க்கத் தவிக்குது” என்றார். நான் இறங்கினேன். அவன் மேடையேறினான். கரையில்லாத வேட்டி, யாரோ நெற்றியில் பூசிவிட்ட நீறு, அடக்க மாட்டாத கூச்சம். வரிசையில் வந்த ஒரு பெண் அவன் காலருகே அமர்ந்துவிட்டாள். கும்பகோணத்துக்காரி, பெயர் வேதவல்லி என்றாள்.

“எங்க வீட்டுக்காரர் தவறி எட்டு மாசமாச்சுங்க. உங்களோட அந்த ஏழு விநாடிதான் என்னை உசிரோட வச்சிருக்கு. தெனமும் காலைல போட்டுப்பேன். நம்மள ஒருத்தன் பிடிச்சிருக்கான்னு தெரியறது பாருங்க, அது போதும்.”

ஒச்சப்பன் கையைப் பிசைந்தான். “அம்மா, நான் அங்க சாமியப் பாக்கலம்மா.”

“பின்ன எதைப் பாத்தீங்க?”

அவன் கூட்டத்துக்கு அப்பால் நின்ற என்னை ஒரு கணம் பார்த்தான். பார்வையைத் தாழ்த்திக்கொண்டான். “கயித்தத்தாம்மா பாத்தேன்.”

கூட்டம் நெகிழ்ந்து சிரித்தது. என்ன அடக்கம் என்று வியந்தார்கள். என்னைப் பார்த்த அந்தப் பார்வையை நான் எள்ளல் என்று எடுத்துக்கொண்டேன்.

திரும்பும் வழியில் காரில் அவன்தான் பேச்சைத் தொடங்கினான்.

“நல்லாப் பாடுன மச்சான்.”

“ரெண்டே பாட்டு. அதுவும் உனக்குக் கூட்டம் சேர்ற வரைக்கும்.”

“தும்பிவரையில பாடுன்னா பாடமாட்ட. இங்க வந்து மைக்குக்குக் காத்துக் கெடக்க.”

“உனக்கெதுக்கு மாப்ள என் பாட்டு? உனக்குத்தான் நேரா தரிசனம் ஆகுதே!”

அவன் வாயில் இருந்த வெற்றிலையைச் சன்னலுக்கு வெளியே துப்பிவிட்டு வயல்களைப் பார்த்துக்கொண்டு வந்தான்.

பதினைந்தாம் படத்துக்காக மிருதுளா மீண்டும் தும்பிவரையையே தேர்ந்தாள். தொடங்கிய இடத்துக்கே திரும்புவது மக்களுக்குப் பிடிக்கும் என்றாள். படப்பிடிப்புக்கு இரண்டு நாள் முன்பு, நான் தனியாகக் கயிற்றுக்கு மெழுகு தேய்த்துக்கொண்டிருந்தபோது வந்து எதிரில் அமர்ந்தாள்.

“ஐயா, ஒரு உதவி. தப்பா எடுத்துக்கக் கூடாது.”

“சொல்லும்மா.”

“திருநோக்கு பழகிடுச்சு ஐயா. பாக்கறவங்க பட்டையைக் கழட்டிட்டு அடுத்ததுக்குப் போயிடறாங்க. இந்தத் தடவை அவர் மேல பாக்கறப்ப... நீங்க கயித்தை ஒரு முழம் நழுவ விடணும்.”

நான் மெழுகைக் கீழே வைத்தேன்.

“ரெண்டாவது பூட்டு ஒண்ணு மாட்டியிருப்போம். ஒரு முழத்துக்கு மேல ஒரு விரல்கூட இறங்காது. உயிருக்கு ஒண்ணும் ஆகாது, நான் பொறுப்பு.”

“அவனுக்குத் தெரியுமா?”

“தெரிஞ்சா உடம்பு நடிக்கும். நடிப்பு பட்டையில காட்டிக் கொடுத்துடும்.”

முடியாது என்று அந்த இடத்திலேயே சொல்லியிருக்க வேண்டும். எங்கள் குடியில் எவனிடம் கேட்டிருந்தாலும் எழுந்து போயிருப்பான். நான் கயிற்றைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவன் சாக வேண்டும் என்று நான் விரும்பவில்லை. இறைவன் சான்றாக அது உண்மை. ஒரு முழம், ஒரே ஒரு முழம். அந்தத் திருநோக்கின் நடுவே அவன் வயிறு கலங்கிக் கத்த வேண்டும். அடியவன் என்று அவர்கள் கொண்டாடுகிறவன் எல்லாரையும் போல உயிருக்கு அஞ்சும் சதைப்பிண்டம் என்பதைப் பட்டை அணிந்த அத்தனை கழுத்துகளும் அறிய வேண்டும். அந்த ஆசை தேனைப் போல நாவில் இனித்தது.

“யோசிச்சுச் சொல்றேம்மா” என்றேன்.

அவள் எழுந்தவள், ஏதோ நினைவு வந்து நின்றாள். “நீங்க ஒரு தடவையாவது பட்டை போட்டுப் பாத்திருக்கீங்களா?”

“இல்ல.”

“எட்டு வருஷமாவா!” கைப்பையிலிருந்து ஒரு பட்டையையும் சிறு திரையையும் எடுத்து வைத்தாள். “வெட்டாத, ஒட்டாத மூலப் பதிவு எல்லாமே இதுல இருக்கு. பாருங்க. எந்த இடத்துல அந்த ஒரு முழம் வேணும்னு உங்களுக்கே புரியும்.”

மறுநாள் காலைப் பூசை முடித்து, கதவைச் சாத்தி, மணைமேல் அமர்ந்து பட்டையை அணிந்தேன். எட்டு ஆண்டு வீம்பு இப்படித்தான் முடிந்தது. என் மாப்பிள்ளையை ஒரு முழம் கீழே விடுவதற்கு ஏற்ற கணம் எது என்று பார்ப்பதற்காக.

ஆறாம் படம். சுரங்கம். என் கால்களுக்குக் கீழே நிலம் இல்லாமல் போயிற்று. தோள் அவனுடையது, முழங்கையில் பழைய தேனீக் கடியின் தினவு அவனுடையது. இருள் ஈரமாக முகத்தில் ஒட்டியது. அவன் இறங்கினான், நான் இறங்கினேன். கயிறு இடுப்பை இறுக்கியது. பிறகு அவன் நின்றான்.

அண்ணாந்தான்.

மார்புக்குழியில் அந்தக் குளிர் பிறந்தது. கைம்மயிர் எழுந்தது. இத்தனை ஆண்டு பாடிப் பாடிக் காத்திருந்தது இதோ, கடன் வாங்கிய உடம்பிலாவது வந்துவிட்டது என்று என் கண்கள் நனைந்தன. இறைவா, இப்போது உன்னைப் பார்க்கப் போகிறேன் என்று திரையை நோக்கினேன்.

அவன் நெற்றியில் கட்டியிருந்த கேமராவின் மூலப் பதிவில் வானத்தை யாரும் தூய்மை செய்திருக்கவில்லை. சுரங்க வாயின் வட்ட வெளிச்சத்தில் ஒரு முகம் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தது. உதடுகள் இறுகிய, கண்களில் சிறிதும் ஈரமற்ற, கற்சிலைக்கும் வராத கடுமையுள்ள முகம்.

என் முகம்.

நான் அதை அதுவரை பார்த்ததில்லை. கண்ணாடியில் எனக்கு நான் காட்டியது வேறு முகம். அந்த முகத்தைப் பார்த்ததும் அவன் வயிறு உள்ளே இழுத்துக்கொண்டது. விரல்கள் சுரங்கச் சுவரில் பதித்திருந்த இரும்பு ஏணியைப் பற்றின. புலியின் மணம் கண்ட மானின் உடம்பு எப்படி நிற்குமோ அப்படி நின்றது. அருள் அன்று, அச்சம். இறைவனைக் கண்ட நடுக்கம் என்று உலகம் தொழுதது, என்னைக் கண்ட நடுக்கம்.

ஏழு விநாடிகள். பிறகு ஒன்று நிகழ்ந்தது. அச்சம் அகலவில்லை. அது நெஞ்சில் இருந்தபடியே இருக்க, அவன் ஏணியை விட்டுக் கைகளை எடுத்தான். தன் எடை முழுவதையும் என் கயிற்றில் வைத்தான்.

பட்டையைக் கழற்றி எறிந்தேன். நெடுநேரம் கழித்து எடுத்து, ஐந்தாம் படத்தைப் போட்டேன். குருவம்மாள் இருந்த காலம். காற்றாலை. அதே தோள், அதே கயிறு. காதில் என் பதிகம் மேலிருந்து இறங்கிக்கொண்டிருந்தது, ஒரு சொல்லும் வெட்டப்படாமல். அவன் உடம்பு வெயிலில் கிடக்கும் பூனையைப் போலக் கதகதப்பாக இருந்தது. வயிற்றில் சிறு சிரிப்பு. பசி. ஒருமுறைகூட அவன் அண்ணாந்து பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய தேவை அவனுக்கு இருக்கவில்லை.

படப்பிடிப்பு நாள் காலை. தும்பிவரையின் உச்சியில் வேங்கை பூத்திருந்தது. மிருதுளாவின் ஆட்கள் கருவிகளை மாட்டிக்கொண்டிருந்தார்கள். நான் கயிற்றை வேங்கையின் அடிமரத்தில் மூன்று சுற்றுச் சுற்றினேன். ஒச்சப்பன் இடுப்பு முடிச்சைப் போட்டுக்கொண்டிருந்தான்.

“மாப்ள, கயித்தைக் கைமாத்திக்க. மொக்கையன் பேரன் இருக்கான். நல்லாப் பிடிப்பான்.”

அவன் முடிச்சிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “பட்டை போட்டுப் பாத்துட்டியா?”

“பாத்தேன்.”

“ம்.” முடிச்சை இழுத்துச் சரிபார்த்தான். “எட்டு வருசமா பாக்கமாட்டேன்னு இருந்த. நானும் நிம்மதியா இருந்தேன்.”

“தெரிஞ்சேதான் எறங்குனியா?”

“உன் மூஞ்சி எப்படி இருக்கும்னு உனக்குத் தெரியாது மச்சான். எனக்குத் தெரியும்.”

“அன்னிக்கு ஊரே கேட்டுச்சே மாப்ள. ஏன் மாத்தல?”

“மாத்துனா என்ன அர்த்தம்? எம் மச்சான் என்னையக் கொன்னுபுடுவான்னு நானே பந்தல்ல நின்னு சொன்ன மாதிரி. அவ செத்துப் பதினாறு நாளு. அவ அண்ணன அப்படிச் சொல்லவா?” அவன் மூக்கை உறிஞ்சினான். “முன்னெல்லாம் பாட்டு கேக்கும். சரி, மச்சான் நல்லாருக்காருன்னு எறங்கிருவேன். நீ வாய மூடிட்ட. மேல என்னா நடக்குதுன்னு எனக்கு எப்படித் தெரியும்? அதான் பாதியில நின்னு பாப்பேன். முடிவு பண்ணிட்டியா, இல்லையான்னு.”

“ஏழு விநாடி.”

“ஏழா, எட்டா, எனக்கென்ன தெரியும்? இன்னும் முடிவு பண்ணலைன்னு தெரிஞ்சதும் கைய விடுவேன்.”

ஒரு முழத்தைப் பற்றிச் சொன்னேன். மிருதுளா கேட்டதை, அதைவிட, நான் மறுக்காததை. அவன் என்னை நிமிர்ந்து பார்த்தான். இவ்வளவு அருகில் அந்த நோக்கை நான் முதன்முறையாகப் பார்த்தேன்.

“சரி. எறங்கவா, வேணாமா?” என்றான்.

“ஆளை மாத்திக்க மாப்ள.”

“அதைக் கேக்கல. உன் கையில எறங்கவா, வேணாமா?”

நான் கயிற்றை எடுத்து உள்ளங்கையில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டேன். அவன் விளிம்பைத் தாண்டி மறைந்தான்.

பாறைக்கு மறுபுறம் மேடையிலிருந்து மிருதுளா பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் பாதி வழி போனதும் கையை உயர்த்துவாள், அதுவே குறி. முப்பது முழம். நாற்பது. கயிறு என் கையில் மூச்சு விட்டது. கீழே புகை எழுந்தது, ஈக்கள் இரைந்தன. நாற்பத்தைந்து. கயிறு நின்றது. அவன் நிற்கிறான். இனி அண்ணாந்து பார்ப்பான். மிருதுளாவின் கை உயர்ந்தது.

என் முகத்தை மாற்றிக்கொள்ள முயன்றேன். வரவில்லை. அறிந்துவிட்டதனால் மட்டும் பொறாமை போய்விடவில்லை. எனக்கு அஞ்சி, அஞ்சியபடியே என்னிடம் தன்னைக் கொடுத்த அவன் பெருந்தன்மையின் மீதும் எனக்குப் பொறாமைதான் வந்தது. அந்த முகத்தை அவன் இன்னொருமுறை பார்க்கக் கூடாது. வேறு வழி தெரியாமல் வாயைத் திறந்தேன்.

ஆண்டுக்கணக்கில் மலையில் பாடாத குரல் பாதியில் உடைந்தது. முதலடி இருமலாக வந்தது. இரண்டாம் அடியில் பண் கிடைத்தது.

கயிற்றில் ஒரு நடுக்கம் மேலேறி வந்தது. பிறகு, கயிறு தளர்ந்து, இறுகி, இறங்கத் தொடங்கியது. அவன் அண்ணாந்து பார்க்கவில்லை. மிருதுளா உயர்த்திய கை உயர்ந்தபடியே நின்றது.

“மச்சான்!” புகைக்குள்ளிருந்து குரல் வந்தது. “சுதி வெலகுது!”

“நீ அடையைப் பாருடா!” என்று கத்திவிட்டு, விட்ட அடியிலிருந்து தொடர்ந்தேன்.

பதினைந்தாம் படம் வெளிவந்தது. என் குரல் இருந்த இடத்தில் உடுக்கை ஒலித்தது. என் தலை இருந்த இடத்தில் வானம் இருந்தது. ஏழு விநாடிகள் எங்கும் இல்லை. கழுத்தில் பட்டையோடு காத்திருந்தவர்களுக்குக் கிடைத்தது ஒரு தேனெடுப்பவனின் நிம்மதியும் பசியும்தான். இறைவன் அவனைக் கைவிட்டான் என்று எழுதினார்கள். செருக்கு வந்துவிட்டது என்றார்கள். மிருதுளா கேட்டுப் பார்த்தாள், “அண்ணா, ஏன் மேல பாக்கவே இல்ல?” அவன், “பாக்க மறந்துட்டேன் தாயி” என்றான். பதினாறாம் படத்துக்கு வேறு ஒருவனை அழைத்துக்கொண்டார்கள். மடத்திலிருந்தும் அதன்பின் கடிதம் இல்லை.

வேதவல்லியிடமிருந்து மட்டும் ஒன்று வந்தது, அவன் பெயருக்கு. பழைய படத்தையே இன்னும் அணிந்துகொள்வதாகவும், நம்மை ஒருவன் பிடித்திருக்கிறான் என்பதை நம்புவதாகவும் எழுதியிருந்தாள். பிடித்திருந்தவன் எத்தகையவன் என்று அந்த அம்மாளுக்கு எழுத மூன்று முறை உட்கார்ந்தேன். மூன்று முறையும் கிழித்தேன். ஒச்சப்பன் பார்த்துவிட்டு, “விடு மச்சான், நீ விடலைங்கிறது நெசந்தானே” என்றான்.

இன்னும் நாங்கள் தேனுக்கு இறங்குகிறோம். அவன்மீது எனக்குள்ள பொறாமை முற்றும் ஒழிந்தது என்று சொன்னால் அது பொய். ஆனால் ஒன்று எந்தப் பதிவிலும் இல்லை. அன்று மூன்றாம் அடியைப் பாடும்போது, கயிற்றின் மறுமுனையில் அவன் எடை அச்சமில்லாமல் என் கையில் அமர்ந்தபோது, என் இரு முன்கைகளிலும் மயிர் எழுந்து நின்றது. கண்ணில் நீர் வழிந்தது. துடைத்துக்கொள்ள முடியவில்லை, கை இரண்டும் கயிற்றில் இருந்தன.

என்மீது மெய்யொற்றி எதுவும் ஒட்டியிருக்கவில்லை.